வெஸ்ட்மின்ஸ்டர்: சபை கூடும் நாளில் போங்கள்

லண்டன் பார்க்க வரும் அப்பா அம்மாவை வெஸ்ட்மின்ஸ்டர் பாலத்தில் நிறுத்தி, பிக் பென் கடிகாரத்தோடு ஒரு படம் எடுத்துவிட்டு, அப்படியே எதிர்க்கரை ராட்டினத்துக்கு அழைத்துப் போய்விடுகிறோம். அந்தக் கடிகாரக் கோபுரத்திலிருந்து சில நிமிட நடையில் ஒரு வாசல் இருக்கிறது. யாருடைய சிபாரிசும் வேண்டாம், ஒரு பென்னி கட்டணமும் வேண்டாம். அதன் வழியே போய், மாடத்தில் உட்கார்ந்து, இந்த நாட்டின் சட்டங்கள் விவாதிக்கப்படுவதை நேரில் கேட்கலாம். பிரிட்டிஷ் குடிமக்களுக்கு மட்டுமான உரிமை அல்ல இது. நேற்று ஹீத்ரோவில் வந்து இறங்கியவருக்கும் உண்டு. பல வருஷமாக ஈஸ்ட் ஹாமிலும் ஹாரோவிலும் குடியிருக்கும் நம்மவர்களில் பலர் இதை அறியாமலே இருப்பது எனக்கு உண்மையிலேயே வருத்தம். இந்த அத்தியாயத்தை அவர்களை மனதில் வைத்தே எழுதுகிறேன்.

எந்த நாளில் போவது

உள்ளே போக இரண்டு வழி உண்டு. ஒன்று, கட்டணச் சுற்று. சனிக்கிழமைகளிலும், சபைக்கு விடுமுறை விட்டிருக்கும் வாரநாட்களிலும் நடக்கும். காதில் ஒலிக்கருவியை மாட்டிக்கொண்டு தனியாகவும் போகலாம், வழிகாட்டியோடும் போகலாம். காமன்ஸ் சபை, பிரபுக்கள் சபை இரண்டின் அறைகளுக்குள்ளும் நடந்து பார்க்க முடியும். இணையத்தில் முன்பதிவு செய்வது நல்லது. பிரிட்டனில் வசிப்பவர்கள் தங்கள் தொகுதி எம்.பி.யின் அலுவலகத்துக்கு எழுதினால் இலவசச் சுற்றுக்கே ஏற்பாடு செய்வார்கள். ஆனால் மாதக்கணக்கில் முன்கூட்டியே கேட்க வேண்டியிருக்கும்.

மற்றொன்று, சபை கூடியிருக்கும்போது பார்வையாளர் மாடத்தில் போய் அமர்வது. ஒரு நாள்தான் கையில் இருக்கிறதென்றால் இதையே தேர்ந்தெடுங்கள். சுற்றில் நீங்கள் பார்ப்பது அழகான காலி பெஞ்சுகள். அந்தப் பெஞ்சுகளில் ஆட்கள் உட்கார்ந்து ஒரு மந்திரியைக் கேள்வி கேட்கும்போதுதான் கட்டடம் ஏன் இப்படிக் கட்டப்பட்டிருக்கிறது என்பதே புரியும்.

காமன்ஸ் சபை வழக்கமாகத் திங்கட்கிழமை பிற்பகல் 2.30-க்கும், செவ்வாய், புதனில் காலை 11.30-க்கும், வியாழனில் 9.30-க்கும் தொடங்கும். வெள்ளிக்கிழமைகளில் சிலவற்றில் மட்டும் கூடும். பிப்ரவரியில் ஒரு வாரம், ஈஸ்டர், மே கடைசி, ஜூலை பிற்பகுதியிலிருந்து செப்டம்பர் தொடக்கம் வரை, பிறகு கட்சி மாநாடுகளுக்காகச் செப்டம்பர் நடுவிலிருந்து அக்டோபர் நடுவரை, கடைசியாகக் கிறிஸ்துமஸ் என்று விடுமுறைகள் வரும். கோடை விடுமுறைக்காகச் சென்னையிலிருந்து ஏப்ரல், மே மாதங்களில் வருபவர்கள் ஈஸ்டரையும் மே கடைசி வாரத்தையும் தவிர்த்தால் போதும். ஆகஸ்டில் வருபவர்களுக்குச் சுற்று மட்டும்தான். தேதிகள் வருஷத்துக்கு வருஷம் சற்று மாறும் என்பதால் கிளம்பும் முன் நாடாளுமன்ற இணையதளத்தின் நாட்காட்டியைப் பார்த்துவிடுங்கள்.

வாசல்

வெஸ்ட்மின்ஸ்டர் ட்யூப் நிலையத்தில் இறங்குங்கள். ஜூபிலி, டிஸ்ட்ரிக்ட், சர்க்கிள் மூன்று தடங்களும் அங்கே வரும். கிராம்வெல் சிலை நிற்கும் புல்வெளியை ஒட்டிய கிராம்வெல் கிரீன் வாசலில் வரிசை நிற்கும். விமான நிலையத்தில் செய்வதுபோலவே சோதனை செய்வார்கள். பெரிய பெட்டிகளை உள்ளே விடமாட்டார்கள், வைத்துப் போகவும் இடம் கிடையாது; எனவே ஊருக்குக் கிளம்பும் நாளில் பெட்டியோடு இங்கே வர வேண்டாம். கொடி, பதாகை போன்றவையும் கூடாது. புடவை, வேட்டி, ஜீன்ஸ், எதை உடுத்தியிருந்தாலும் தடையில்லை.

புதன்கிழமை நண்பகல் பிரதமரிடம் கேள்வி கேட்கும் அரைமணி நேரத்துக்குக் கூட்டம் அலைமோதும். அதற்கான டிக்கெட்டைப் பிரிட்டனில் வசிப்பவர்கள் எம்.பி. மூலம் பெறலாம். வெளிநாட்டிலிருந்து வருபவர்கள் வரிசையில் நின்று, டிக்கெட்காரர்கள் போனபின் இடமிருந்தால்தான் நுழைய முடியும், பெரும்பாலும் இருக்காது. அதற்காக மனம் தளர வேண்டாம். திங்கட்கிழமை மாலையிலோ வியாழன் காலையிலோ போனால் காத்திருக்கும் நேரம் குறைவு; சபையின் அன்றாட வேலையைப் பார்க்க அதுவே ஏற்ற சமயமும்கூட.

மாடத்துக்குப் போகும் வழியில்

சோதனை முடிந்ததும் முதலில் வருவது வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபம். அவசரமாகக் கடந்து போகாதீர்கள். 1097-க்கும் 1099-க்கும் இடையில் கட்டப்பட்ட மண்டபம் அது. நம் தஞ்சைப் பெரிய கோயிலைவிட ஏறத்தாழ 90 வருஷம்தான் இளையது. நடுவில் ஒரு தூண்கூட இல்லாமல் தலைக்குமேல் நிற்கும் ஓக் மரக்கூரை, இரண்டாம் ரிச்சர்ட் காலத்தில் 1390-களில் போடப்பட்டது. 1649-ல் முதலாம் சார்லஸ் மன்னரை விசாரித்து மரண தண்டனை விதித்தது இந்தத் தரையில்தான். 1788 முதல் 1795 வரை வங்கத்தின் முன்னாள் கவர்னர் ஜெனரல் வாரன் ஹேஸ்டிங்ஸ் மீதான விசாரணையும் இங்கேயே நடந்தது. இந்தியாவில் கிழக்கிந்தியக் கம்பெனி செய்த ஆட்சிக்கு லண்டனில் கணக்குக் கேட்ட வழக்கு. எம்.பி. எட்மண்ட் பர்க் நாள்கணக்கில் குற்றச்சாட்டுகளை அடுக்கினார். முடிவில் ஹேஸ்டிங்ஸ் விடுதலையானார். ஆனாலும் அதிகாரத்தில் இருந்தவர் பொதுவெளியில் பதில் சொல்ல வேண்டும் என்ற வழக்கத்துக்கு இந்த மண்டபம் சாட்சி.

1834 அக்டோபர் 16 இரவு, நாடாளுமன்றக் கட்டடமான வெஸ்ட்மின்ஸ்டர் அரண்மனையின் பெரும்பகுதி எரிந்தபோது தப்பியது இந்த மண்டபம். தீக்குக் காரணம், கருவூலத்தில் கணக்குக் குறிக்கப் பயன்பட்ட பழைய மரக்குச்சிகளை உலையில் போட்டு எரித்ததுதான். இப்போது வெளியே நாம் பார்க்கும் கட்டடம் அதற்குப்பின் சார்லஸ் பேரியும் அகஸ்டஸ் பியூஜினும் வடிவமைத்தது.

அடுத்து செயின்ட் ஸ்டீபன் மண்டபம். தீவிபத்து வரை காமன்ஸ் சபை கூடிய தேவாலயம் இருந்த இடம் இது. சுவரோவியங்களில் ஒன்றில் ஜஹாங்கீர் அவையில் ஆங்கிலத் தூதர் தாமஸ் ரோ நிற்பார். அதே மண்டபத்தில் ஃபாக்லண்ட் பிரபுவின் சிலையைத் தேடிப் பாருங்கள். காலில் உள்ள குதிமுள் உடைந்திருக்கும். 1909-ல் பெண்களுக்கு வாக்குரிமை கேட்டுப் போராடியவர்கள் இங்கே சிலைகளோடு தங்களைச் சங்கிலியால் பிணைத்துக்கொண்டபோது ஏற்பட்ட உடைசல் அது. இந்த இரண்டு மண்டபங்களிலும் படம் எடுக்கலாம், தாண்டினால் கூடாது.

அதன்பின் எண்கோண வடிவ மைய மண்டபம். அங்கிருந்து ஒரு பக்கம் காமன்ஸ், மறுபக்கம் பிரபுக்கள் சபை. சபை தொடங்குவதற்குச் சில நிமிடம் முன்பே வந்துவிட்டால், சபாநாயகர் கறுப்பு அங்கியோடு, செங்கோல் முன்னே வர, ஊர்வலமாக இந்த மண்டபத்தைக் கடந்து போவதைக் காணலாம். நின்ற இடத்திலேயே அமைதியாக நின்றால் போதும்.

மாடத்தில் அமர்ந்தபின்

பையையும் கைப்பேசியையும் மாடத்துக்கு வெளியே வைத்துவிட வேண்டும். பார்வையாளருக்கு முன்னால் தடித்த கண்ணாடித் தடுப்பு இருக்கும். பெஞ்சில் பதித்த ஒலிபெருக்கி வழியேதான் பேச்சு கேட்கும். முதலில் தோன்றுவது, சபை இவ்வளவு சிறியதா என்ற வியப்பு. உறுப்பினர்கள் 650 பேர். இடமோ 427 பேருக்குத்தான். 1941 மே 10 இரவு ஜெர்மானியக் குண்டுவீச்சில் பழைய அறை அழிந்தபோது பெரிதாகக் கட்டியிருக்கலாம். சர்ச்சில் பிடிவாதமாக மறுத்தார்: எதிரெதிர் பெஞ்சுகள், நீள்சதுர அறை, எல்லோருக்கும் இடம் போதாத அளவு, மூன்றும் அப்படியே இருக்க வேண்டும் என்றார். அவர் செய்தது சரி என்றே நினைக்கிறேன். பத்துப் பேர் பேசும்போதும் அந்த அறை வெறிச்சோடித் தெரிவதில்லை. மந்திரியும் கேள்வி கேட்பவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தே ஆக வேண்டியிருக்கிறது.

1950-ல் திறந்த புதிய அறைக்குக் காமன்வெல்த் நாடுகள் மரச்சாமான்களைப் பரிசளித்தன. சபாநாயகர் நாற்காலி ஆஸ்திரேலியா கொடுத்தது, நடு மேசை கனடா கொடுத்தது. நுழைவாயில் கதவுகள் இந்தியாவும் பாகிஸ்தானும் தந்தவை. சபைக் காவலருக்கான நாற்காலி இலங்கையின் பரிசு. அறை இடிந்து கிடந்த அந்த வருஷங்களில் காமன்ஸ் உறுப்பினர்கள் பிரபுக்கள் சபையின் அறையில்தான் கூடினார்கள். 1947 ஜூலையில் இந்திய விடுதலைச் சட்டத்தையும், அதே வருஷக் கடைசியில் இலங்கை விடுதலைச் சட்டத்தையும் அவர்கள் விவாதித்தது அந்தச் சிவப்புத் தோல் இருக்கைகளில் உட்கார்ந்துதான். பிரபுக்கள் சபைக்குள் போகும்போது இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அந்த அறை நமக்கு வெறும் தங்க அலங்காரமாகத் தெரியாது.

சபாநாயகருக்கு வலப்பக்கம் ஆளுங்கட்சி, இடப்பக்கம் எதிர்க்கட்சிகள். முன்வரிசையில் மந்திரிகளும் எதிர்க்கட்சியின் நிழல் மந்திரிகளும். தரையில் இரு பக்கமும் ஓடும் சிவப்புக் கோட்டைத் தாண்டிப் பேசக்கூடாது. ஒருவரை ஒருவர் பெயர் சொல்லி அழைப்பதில்லை. இன்ன தொகுதியின் மாண்புமிகு உறுப்பினர் என்றே சொல்வார்கள். கைதட்டும் வழக்கமும் இல்லை. பேச விரும்புபவர்கள் ஒவ்வொரு முறையும் எழுந்து எழுந்து உட்காருவதைப் பார்த்துத் திகைக்காதீர்கள். சபாநாயகரின் கண்ணில் படுவதற்காகத்தான் அப்படிச் செய்கிறார்கள்.

நாளின் ஓட்டம் இப்படி: தொடக்கத்தில் பிரார்த்தனை, அப்போது பார்வையாளருக்கு அனுமதியில்லை. பிறகு ஏறத்தாழ ஒரு மணி நேரம் கேள்விகள். ஒவ்வொரு துறைக்கும் முறை வைத்து நாள் ஒதுக்குவார்கள். திடீர்ப் பிரச்சினை ஏதாவது இருந்தால், மந்திரியைச் சபைக்கு வரவழைக்கும் அவசரக் கேள்வியைச் சபாநாயகர் அனுமதிப்பார். அதன்பின் மந்திரிகளின் அறிக்கைகள், அப்புறம் அன்றைய முக்கிய விவாதம். இவை எல்லாவற்றுக்கும் கடைசியாக, பெரும்பாலானவர்கள் வீட்டுக்குக் கிளம்பியபின், அரைமணி நேர ஒத்திவைப்பு விவாதம் ஒன்று வரும்.

என்னைக் கேட்டால், புதன்கிழமைக் கூச்சலைவிட இந்தக் கடைசி அரைமணியைத்தான் கேட்கச் சொல்வேன். ஒரு சாதாரண எம்.பி., தன் தொகுதியில் ஒரு ரயில் நிலையத்துக்கு லிஃப்ட் இல்லை என்பதையோ, ஒரு அரிய நோய்க்கு மருந்து கிடைக்கவில்லை என்பதையோ எடுத்து வைப்பார். எதிரே ஒரே ஒரு மந்திரி உட்கார்ந்து குறிப்பெடுத்து, எழுந்து பதில் சொல்வார். சபையில் நாலைந்து பேர்தான் இருப்பார்கள். ஆனாலும் சொன்னதெல்லாம் ஹன்சார்ட் எனும் அதிகாரப்பூர்வப் பதிவேட்டில் பதிவாகும். அரசாங்கம் கொடுத்த வாக்கு அச்சில் நிற்கும். ஒரு தொகுதிக்காரரின் கடிதம் நாட்டின் பதிவேட்டில் ஏறுவது இப்படித்தான்.

மணி அடித்தால்

முக்கிய விவாதம் முடிந்ததும் சபாநாயகர் வாய்மொழியாகக் கருத்துக் கேட்பார். எதிர்ப்புக் குரல் பலமாக இருந்தால் வாக்கெடுப்பு. கட்டடம் முழுதும் மணி அடிக்கும். எட்டு நிமிடத்துக்குள் உறுப்பினர்கள் வந்து, ஆதரிப்பவர்கள் ஒரு நடைகூடத்திலும் எதிர்ப்பவர்கள் மறு நடைகூடத்திலும் நடந்து போக வேண்டும். இருந்த இடத்திலிருந்து பொத்தான் அமுக்கும் வசதி இங்கே கிடையாது. மாடத்திலிருந்து பார்த்தால் அறை திடீரென்று நிரம்பி, பிறகு இரண்டாகப் பிரிந்து வெளியேறும். பின் வரிசை எம்.பி. ஒருவர் நடைகூடத்தில் மந்திரியைத் தோளோடு தோள் சந்தித்துத் தன் தொகுதிக் காரியத்தைச் சொல்ல முடிகிறது என்பதால் இந்தப் பழைய முறையைப் பலர் விட மறுக்கிறார்கள். எண்ணிக்கையாளர்கள் நால்வர் மேசை முன் வந்து தலைவணங்கி முடிவைப் படிப்பார்கள்.

சட்ட முன்வரைவு ஒவ்வொன்றும் இரு சபைகளிலும் பல படிகளைக் கடக்க வேண்டும். முதல் வாசிப்பு வெறும் தலைப்பைப் படிப்பதுதான். இரண்டாம் வாசிப்பில் கொள்கை விவாதம். பிறகு குழுவில் ஒவ்வொரு பிரிவாக அலசுவார்கள். அறிக்கை நிலை, மூன்றாம் வாசிப்பு என்று முடிந்து மற்றச் சபைக்குப் போகும். இரு சபைகளும் ஒரே வாசகத்துக்கு வரும்வரை திருத்தங்கள் இங்கும் அங்கும் போய்வரும். கடைசியில் மன்னரின் ஒப்புதல். 1708-க்குப் பின் எந்த மன்னரும் அதை மறுத்ததில்லை. நியமன உறுப்பினர்களே பெரும்பாலும் உள்ள பிரபுக்கள் சபை 1911, 1949 சட்டங்களின்படி ஒரு சட்டத்தைத் தாமதப்படுத்தலாம், நிரந்தரமாகத் தடுக்க முடியாது. பண மசோதாவை ஒரு மாதத்துக்குமேல் நிறுத்தி வைக்கவும் முடியாது. ஆனால் அங்கே ஓய்வுபெற்ற மருத்துவர்களும் நீதிபதிகளும் ஒரு பிரிவை வரிவரியாகப் பிரித்துப் பேசுவதைக் கேட்டால் நேரம் போவது தெரியாது. வரிசையும் அந்தப் பக்கம் குறைவாகவே இருக்கும்.

குழு விசாரணைகளை விட்டுவிடாதீர்கள். கல்வி, உள்துறை, சுகாதாரம் என்று துறைவாரியான குழுக்கள் மந்திரிகளையும் அதிகாரிகளையும் நிறுவனத் தலைவர்களையும் அழைத்துக் கேள்வி கேட்கின்றன. பல கூட்டங்கள் அரண்மனைக்கு எதிரே உள்ள போர்ட்குலிஸ் ஹவுஸ் கட்டடத்தில் நடக்கும். பார்வையாளர்கள் கேள்வி கேட்பவர்களுக்கு மிக அருகிலேயே, கண்ணாடி எதுவும் இல்லாமல் உட்காரலாம். விசா விதிகளோ பல்கலைக்கழகக் கட்டணமோ விசாரணையில் இருக்கும் நாளைப் பார்த்துப் போனால், நம் வீட்டுப் பிரச்சினையே அங்கே மேசையில் இருக்கும்.

குளிர்கால மாலைகளில் போவோர்க்கு ஒரு குறிப்பு. கோபுரத்தில் கடிகார முகங்களுக்கு மேலே ஒரு விளக்கு உண்டு. இருட்டியபின் அது எரிந்தால் ஏதோ ஒரு சபை இன்னும் கூடியிருக்கிறது என்று பொருள். கோபுரத்துக்குள் ஏறிப் பார்க்கத் தனிக் கட்டணச் சுற்று உண்டு. 334 படிகள், பார்வையாளருக்கு லிஃப்ட் கிடையாது. முழங்கால் வலி உள்ள பெரியவர்களை அழைத்துப் போக வேண்டாம்.

உங்கள் எம்.பி.

1892-ல் மத்திய ஃபின்ஸ்பரியில் ஐந்தே வாக்கு வித்தியாசத்தில் வென்று இந்தியரான தாதாபாய் நௌரோஜி காமன்ஸ் சபைக்குள் வந்தார். 2024-ல் ஸ்ட்ராட்ஃபோர்ட் அண்ட் போ தொகுதியில் உமா குமரன் வென்றார். ஈழத்தமிழ்க் குடும்பத்தின் மகள். இடையில் 2009-ல், ஏப்ரல் முதல் ஜூன் வரை, எதிரேயுள்ள சதுக்கத்தில் ஆயிரக்கணக்கான தமிழர்கள் இலங்கைப் போரை நிறுத்தக் கோரி இரவும் பகலும் இருந்தார்கள். சதுக்கத்தில் நின்ற அந்தத் தலைமுறைக்கு வாசலுக்குள்ளே இருக்கும் வழிகளும் தெரிந்திருக்க வேண்டும் என்பதற்காகவே இந்தப் பகுதியைச் சேர்க்கிறேன்.

உங்கள் அஞ்சல் குறியீட்டுக்கு உரிய எம்.பி. யார் என்பதை இணையதளத்தில் உடனே கண்டுபிடிக்கலாம். நீங்கள் எந்த நாட்டுக் குடிமகனாக இருந்தாலும், யாருக்கு வாக்களித்திருந்தாலும், அந்தத் தொகுதியில் வசித்தால் அவர் உங்களுக்கும் எம்.பி. விசா விண்ணப்பம் மாதக்கணக்கில் பதிலின்றிக் கிடந்தாலோ, வீட்டுவசதி, உதவித்தொகை விஷயங்களில் சிக்கல் வந்தாலோ அவர் அலுவலகத்துக்கு எழுதுங்கள். முகவரியைக் கட்டாயம் குறிப்பிடுங்கள். வேறு தொகுதிக்காரரின் விஷயத்தில் எம்.பி.க்கள் தலையிடுவதில்லை. தமிழ் எம்.பி. என்பதற்காக உமா குமரனுக்கு எழுதினாலும், உங்கள் தொகுதி அதுவல்ல என்றால் உங்கள் எம்.பி.க்குத்தான் அனுப்பிவைப்பார்கள். இந்த உதவிக்குக் கட்டணம் கிடையாது. அதை வாங்கித் தருவதாகச் சொல்லிப் பணம் கேட்பவரை நம்பாதீர்கள்.

நாடாளுமன்ற இணையதளத்தில் மனு தொடங்கவும் கையெழுத்திடவும் பிரிட்டனில் வசித்தாலே போதும். 10,000 கையெழுத்து சேர்ந்தால் அரசாங்கம் எழுத்தில் பதில் தரும். 100,000 சேர்ந்தால் விவாதத்துக்குப் பரிசீலிப்பார்கள். அந்த விவாதங்கள் வழக்கமாகத் திங்கட்கிழமை மாலையில், வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபத்தை ஒட்டிய அறையில் நடக்கும். கையெழுத்திட்டவர்கள் போய்க் கேட்கலாம்.

வாக்கு விஷயத்திலும் பலருக்குத் தெரியாத ஒன்று இருக்கிறது. இங்கே முறையான விசாவோடு வசிக்கும் காமன்வெல்த் நாட்டவர்கள் பொதுத் தேர்தலில் வாக்களிக்கலாம். இந்தியா, இலங்கை, மலேசியா, சிங்கப்பூர் நான்கும் அதில் அடங்கும். படிக்க வந்த மாணவருக்கும் இது பொருந்தும். பெயரைப் பதிவு செய்ய முகவரியும் தேசியக் காப்பீட்டு எண்ணும் கேட்பார்கள். எண் இல்லாதவர்களும் விண்ணப்பிக்கலாம், வேறு ஆவணம் கேட்பார்கள். வீடு மாறும்போதெல்லாம் மறுபடி பதிய வேண்டும். வாக்குச்சாவடியில் புகைப்பட அடையாளம் கட்டாயம். அதற்குப் பிரிட்டிஷ் அட்டை எதையும் தேட வேண்டாம். உங்கள் இந்திய அல்லது இலங்கைப் பாஸ்போர்ட்டையே ஏற்றுக்கொள்வார்கள்.